பின்கதவு, இரண்டாவது டேக்

ஜீப் போகும் பாதை முடிந்த இடத்திலிருந்து ஒன்றரை மணி நேரம் நடந்து, கணவனும் மனைவியும் அந்தக் கல்வீட்டுக்கு வந்தார்கள். மலை மக்களின் அன்றாட வாழ்க்கையை ஆவணப்படமாக எடுக்கும் வேலை. கேமரா அவனுடையது, ஒலி அவளுடையது. கல்யாணமான ஆறு வருடமாக அப்படித்தான்.

வந்த மறுநாளே வீட்டுப் பெரியவர் இறந்துபோனார். மூன்றாம் நாள் மகன் இறந்த அப்பாவை வழியனுப்பும் சடங்காகப் பின்கதவைத் திறந்து, "போயிடுங்கப்பா" என்று ஒரே ஒரு தடவை சொல்லித் தாழ்ப்பாள் போட்டான். ஒரு வருடத்துக்கு அதைத் திறக்கக் கூடாதாம்; திறந்தால் போனவர் திரும்பி வந்துவிடுவாராம்.

அந்த ஷாட்டில் ஃபோகஸ் தவறிவிட்டது. இன்னொரு தடவை செய்து காட்டச் சொல்லிக் கேட்டான் கணவன்.

"இன்னொரு தடவையா? எங்க வீட்டுச் சாவு உங்களுக்கு நாடகமா?" என்று சீறினாள் மருமகள். "நாங்க காட்டுலேருந்து திரும்புறதுக்குள்ள இடத்தைக் காலி பண்ணுங்க."

வீட்டுக்காரர்கள் தலை மறைந்ததும் கணவன் கண்ணடித்தான். "அந்தம்மா முறைச்ச முறைப்புல லென்ஸே விரிசல் விட்டிருக்கும். அம்மு, நான் வெளியே நின்னு எடுக்கறேன். நீ உள்ளேருந்து திறந்து மூடு."

"வேண்டாங்க. பயமா இருக்கு."

"ஒரே நிமிஷம்."

அவள் திறந்தாள். வெளியே பட்டப்பகலிலும் பால் போல மூடுபனி. நாலடி தூரத்தில் கேமராவுக்குப் பின்னாலிருந்து கட்டைவிரலை உயர்த்தினான். மூடித் தாழ்ப்பாள் போட்டாள்.

உடனே தட்டும் சத்தம்.

திறந்தாள். அவன் உள்ளே வந்தான். கையில் கேமரா இல்லை. காலில் செருப்பில்லை. தோண்டிய ஈரமண் வாசனை. நேராக அடுப்போரம் போய், பெரியவரின் முக்காலியில் உட்கார்ந்தான். அவள் கதவைத் தாழிட்டாள்.

அவள் காதில் மாட்டியிருந்த ஹெட்போனில், கணவன் சட்டையில் குத்தியிருந்த மைக் வழியாக அவன் குரல் வந்தது.

"ஷாட் பிரமாதம், அம்மு. கதவைத் திற. குளிருது."

அடுப்போரம் இருந்தவனின் உதடு அசையவில்லை.

அவள் ஹெட்போனைக் காதோடு அழுத்திக்கொண்டாள். "ஏங்க... நீங்க எங்க இருக்கீங்க?"

"கதவுக்கு வெளியேதான். யாரு உள்ளே உன்கூட?"

முக்காலி கிறீச்சிட்டது.

அவள் பாய்ந்துபோய்த் தாழ்ப்பாளை இழுத்துத் திறந்தாள். வெளியே கேமரா மட்டும் மூன்று காலில் நின்றது. அதன் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பின்னால் ஆளில்லை.

"இதோ இருக்கேன், அம்மு. உன் எதிர்லதான்."

மண் வாசனை பிடரியில் ஏறியது. அவள் தோளுக்கு மேலாக ஒரு கை நீண்டு, கதவை நிதானமாகச் சாத்தித் தாழிட்டது.

ஹெட்போனில் அவன் குரல் உடைந்தது.

"ஏன் மூடுறே?"