மஜீதின் முதுகு

கபரைத் தோண்டத் தொடங்கி வெகுநேரமாகியும் வாடை வரவில்லை. காலை மழையில் ஊறிய மண்ணின் மணமும், ஓரமாக நின்ற வெள்ளைக்கார டாக்டரின் சிகரெட் புகையும்தான் நூர்தீனுக்குத் தெரிந்தன. மூக்கைப் பொத்தக் கொண்டுவந்த கைக்குட்டை மடிப்புக் கலையாமல் கையிலேயே இருந்தது.

உள்ளே இருந்தது அவனுடைய அண்ணன் அப்துல் மஜீது. 1956ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ஜாலான் புசார் சாலையில் வேலைநிறுத்தக் கூட்டத்தைக் கலைக்கப் போலீஸ் சுட்டபோது விழுந்தவர். கல்லை ஓங்கிக்கொண்டு எதிரே வந்தார், மார்பில் சுட்டோம் என்றார்கள். ஆனால் அடக்கத்துக்கு முன் அண்ணனின் மையித்தைக் குளிப்பாட்டியவன் நூர்தீன். மார்பில் கீறல்கூட இல்லை, முதுகில்தான் ஓட்டை. ஓடுகிறவரைச் சுட்டிருக்கிறார்கள் என்று அவனும் அண்ணன் மனைவி கதீஜாவும் மாதக்கணக்காகக் கோர்ட்டுக்கு அலைந்து, தோண்டிப் பார்க்க உத்தரவு வாங்கியிருந்தார்கள்.

"தம்பி, முதுகுலதானே? நல்லா ஞாபகம் இருக்குல்ல?" வேலியோரம் நின்ற கதீஜா கேட்டாள்.

"இந்த விரலாலதான் தொட்டேன் மதினி. இன்னிக்கு முடிஞ்சிடும்லா."

குழிக்குள் மூடியிருந்த பலகைகளை எடுத்தார்கள். கபன் துணி வெள்ளையாகவே இருந்தது. அன்று அவன் தெளித்த பன்னீர் இன்னும் மணத்தது. அவனுக்குப் பயம்கூடச் சரியாக வரவில்லை; உட்கார்ந்தே மரத்துப்போன கால்போல உள்ளே எல்லாம் மரத்திருந்தது.

அண்ணன் தூங்குகிறவர்போல் இருந்தார். டாக்டர் அவரைப் புரட்டினார்.

முதுகு வழவழவென்று இருந்தது. ஓட்டை இல்லை. தழும்பும் இல்லை.

மல்லாத்தினார். மார்பின் நடுவே இருந்தது.

டாக்டர் ஏதோ சொன்னார். கூட வந்த தமிழ்ப் போலீஸ்காரர் நூர்தீனிடம் திரும்பினார். "முன்பக்கம்தான். பாத்துட்டீங்கல்ல? மூடிடலாம்."

"தம்பி, என்ன சொல்றாங்க?"

நூர்தீன் தன் விரலைப் பார்த்தான்.

துணியைச் சுற்றும்போது அந்த ஓட்டை கசிந்தது. புது ரத்தம். சூடு ஆறாதது. டாக்டர் கை கழுவிக்கொண்டிருந்தார். யாரும் பார்க்கவில்லை. அல்லது எல்லோரும் பார்த்தார்கள்.

மண்வெட்டியை அவனிடம் கொடுத்தார்கள். போட்டான். மண் நனைந்தது. இன்னும் போட்டான். அதுவும் நனைந்தது. குழி நிரம்பியது. மேடானது.

மேட்டின் நடுவே சிவப்பு. ஊறியது. அகன்றது.

வேலியைத் தாண்டி கதீஜா வந்தாள். மண்டியிட்டு, இரண்டு கைகளாலும் அதை அழுத்திப் பொத்தினாள்.

விரலிடுக்கில் வந்துகொண்டே இருந்தது.