விருந்தாளியின் நாற்காலி

நாற்காலி நகர்ந்திருந்தது.

எடிட்டிங் மேசையின் சின்னத் திரையில் பார்த்த ஹல்ஷ்கா முதலில் அதை நம்பவில்லை. கிறிஸ்துமஸுக்கு முந்தின மாலை, முதல் நட்சத்திரம் தெரிந்ததும், எதிர்பாராமல் வரும் விருந்தாளிக்கென்று அந்த நாட்டு வழக்கப்படி எல்லா வீட்டாரையும் போல அவளும் ஒரு தட்டைக் கூடுதலாக வைப்பாள். வருடா வருடம் அந்தத் தட்டையும் அதன் முன்னால் கிடக்கும் காலி நாற்காலியையும் மட்டும் கொஞ்சம் படமெடுத்து வைத்திருந்தாள். காமிராவை ஒரே இடத்தில் நிறுத்துவாள். யாரையும் நடிக்கச் சொல்ல மாட்டாள், பின்னணியில் குரல் கொடுத்து விளக்க மாட்டாள், ரீல் தீரும்வரை கண்ணை எடுக்க மாட்டாள். ஆவணப்பட இயக்குநராகப் போலந்து முழுக்க அவளுக்குப் பேர் வாங்கித் தந்த பாணி அது. இப்போது எல்லா வருடங்களையும் ஒட்டி ஓடவிட்டால், நாற்காலி கொஞ்சம் கொஞ்சமாகப் பின்னால் போய், யாரோ உட்கார்வதற்கு வாகாகத் திரும்பிக்கொண்டிருந்தது.

"காலு பட்டிருக்கும்," என்றார் ஒலிப்பதிவாளர் யாரெமா.

"என் வீட்டுல யாரு காலு?"

"உங்க காலுதான். வயசாச்சு, இடிச்சது மறந்திருக்கும்." சிரிக்கப் பார்த்தார், முடியவில்லை. "இந்த வருஷம் தட்டு வைக்காதீங்க ஹல்ஷ்கா."

"வைக்கலன்னா வந்தவ எங்க உக்காருவா?"

வந்தவள் யாரென்று இருவருக்கும் தெரியும்.

பல வருடங்களுக்கு முன், விஸ்துலா ஆறு உறைந்து கிடந்த ஒரு நாளில் ஹல்ஷ்கா அதைப் படமெடுத்தாள். "அம்மா, இங்க பாரு," என்று மகள் கலீனா கூப்பிட்டாள். ரீல் தீரவில்லை, அதனால் ஹல்ஷ்கா பார்க்கவில்லை. பனிக்கட்டி உடைந்து கலீனா மூழ்கிய இடம் காமிராவின் பார்வைக்கு வெளியே இருந்தது. அந்தப் படத்துக்குப் பரிசு கொடுத்தார்கள். பரிசை வாங்கிய தன் கையை அவள் இன்றுவரை மன்னிக்கவில்லை.

பண்டிகை மாலையில் வழக்கப்படி மேசைமேல் வைக்கோலைப் பரப்பி அதன்மேல் வெள்ளைத் துணியை விரித்தாள். யாரெமா வேண்டாமென்றுதான் சொல்லியிருந்தார். ஆனாலும் தட்டை வைத்தாள். பெற்ற பிள்ளையை வாசலோடு எப்படித் திருப்பி அனுப்புவது? காமிராவை ஓடவிட்டுக் கண்ணைப் பொருத்தினாள். தெருவில் டிராம் தண்டவாளத்தில் உரசிக்கொண்டு போனது, வெந்நீர்க் குழாய் எங்கோ டிக் டிக்கென்றது, பீட்ரூட் சூப்பின் புளிப்பு வாசனைக்கு அடியிலிருந்து மெல்ல மெல்ல வேறொரு வாசனை எழுந்தது, ஆற்றுச் சேறும் நனைந்த கம்பளிச் சட்டையும் கலந்த வாசனை.

தட்டு. நாற்காலி. காலிதான்.

நாற்காலிக்கு அடியில் தரை ஈரம்.

ஈரம் நகர்ந்தது. மேசையைச் சுற்றி. காமிராவை நோக்கி.

கண்ணை எடுக்கலாம். ஓடிவிடலாம்.

"பாக்குறேன்டி கண்ணு," என்றாள். "இந்தத் தடவ பாத்துட்டேதான் இருக்கேன்."

லென்ஸின் வெளிப்பக்கம் மூச்சுப் பட்டு வெளுத்தது. தட்டும் நாற்காலியும் மறைந்தன. அந்த வெளுப்பின் நடுவே, தண்ணீரில் ஊறிச் சுருங்கிய சின்ன விரல் ஒன்று, உள்ளே எட்டிப் பார்ப்பதற்காக மெதுவாக வட்டம் வட்டமாகத் துடைக்கத் தொடங்கியது.