ஓரத்துக் கறுப்பு

திரையின் இடப்பக்கத்துக் கறுப்பு, வலப்பக்கத்துக் கறுப்பைவிட ஒரு விரற்கடை அகலமாக இருந்தது.

அப்படி இருக்க வழியே இல்லை. பழைய காலத்துச் சதுரத் திரைக்காகச் செய்த விளையாட்டை இன்றைய அகலத் திரையில் ஓடவிட்டால் படம் நடுவில் நிற்கும், மிச்சமாகும் இடம் இரண்டு ஓரத்திலும் சரிபாதிக் கறுப்பாகப் பிரிந்துகொள்ளும். பதினாறு வருடமாகக் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருப்பவனுக்கு இதை யாரும் வகுப்பெடுக்க வேண்டியதில்லை. ஆனாலும் மகளின் பென்சில் பெட்டியிலிருந்து ஸ்கேலை எடுத்துத் திரைமேல் வைத்து அளந்தான். வலப்பக்கம் ஆறரை சென்டிமீட்டர், இடப்பக்கம் எட்டு. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு இன்னொரு முறை அளந்தபோது எட்டேகால் வந்தது.

தெருவில் அவனுக்கு 'ரீஸ்டார்ட்' என்று பெயர். யார் எந்தக் கோளாறோடு வந்து நின்றாலும், "ஒருதடவ ரீஸ்டார்ட் பண்ணிப் பாருங்க" என்பதுதான் அவன் வாயிலிருந்து வரும் முதல் வார்த்தை. பாதிப் பேருக்கு அதிலேயே சரியாகிவிடும், மீதிப் பேர் திரும்பி வந்து திட்டுவார்கள். இன்று மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு, சொந்த வீட்டில், சொந்த மெஷினை நான்கு முறை ரீஸ்டார்ட் செய்தாகிவிட்டது. திட்டத்தான் ஆள் இல்லை.

மகளுக்கு ஒன்பது வயது. வீட்டில் எல்லோருக்கும் அவள் வாலு. இடது கண்ணில் பார்வை மந்தம் என்று கண்டுபிடித்ததே தாமதம். நல்ல கண்ணை ஒட்டுப்பட்டையால் மூடிவிட்டு, மந்தமான கண்ணால் தினமும் முக்கால் மணிநேரம் ஒரு விளையாட்டை ஆட வேண்டும் என்று கண் டாக்டரம்மா ஒரு பழைய டிஸ்க்கைக் கொடுத்திருந்தார். சிவப்புப் படகு ஒன்று, துள்ளும் மீன்கள், மீனைக் குறிபார்த்து அழுத்த வேண்டும், அவ்வளவுதான். "படம் திரைய முழுசா அடைச்சு நிக்கணும். சின்னதா ஓடிச்சின்னா அந்தக் கண்ணு சோம்பேறியா உட்கார்ந்துடும். பத்து வயசுக்குள்ள வந்தா வந்ததுதான்" என்று அவர் சொல்லியிருந்தார். வாலுவுக்குப் பத்து வயதாக நான்கு மாதம்தான் இருந்தது. ஊரார் மெஷினையெல்லாம் ஓட வைப்பவன், பெற்ற பிள்ளைக்கு ஒரு படகை முழுத்திரையில் ஓட வைக்க முடியாமல் ஒரு வாரமாக முட்டிக்கொண்டிருந்தான்.

வெளிச்சம் குறைவாக இருந்தால் நல்லது என்பதால் ஜன்னல்களைச் சாத்தித் திரைச்சீலையை இழுத்துவிட்டிருந்தான். சீலையின் அடியில் மட்டும் மாலை வெயில் ஒரு கோடாகத் தரையில் கிடந்தது. இடப்பக்கச் சுவரில் கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது, வலப்பக்கம் வாசற்கதவு தாழ்ப்பாள் போடாமல் வெறுமனே சாத்தியிருந்தது, தெருவில் யாரோ ஒரு வண்டியை உதைத்து உதைத்துக் கிளப்பப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மெஷினின் விசிறி ஒரே சீராக இரைந்தது. அந்த இரைச்சலோடு மழைக்காலத்தில் பூட்டி வைத்த அலமாரியின் ஈரத்துணி வாடை வந்தது. சூடான மெஷின் அப்படி நாறாது.

"அப்பா, ஓரத்துல யாரோ நிக்கறாங்க" என்றாள் வாலு.

"எந்த ஓரத்துல?"

"அந்தக் கறுப்புல. இந்தப் பக்கம்." இடப்பக்கத்தைக் காட்டினாள்.

அவன் குனிந்து பார்த்தான். கறுப்புதான் இருந்தது. "நம்ம மூஞ்சிதான் கண்ணாடில தெரியுதுடா."

"நம்ம ரெண்டு பேரும் இங்க உட்கார்ந்திருக்கோம். அவங்க நிக்கறாங்க."

அவன் ஒட்டுப்பட்டையைச் சரிசெய்வதுபோல் அவள் தலையைத் தடவினான். மந்தமான கண் எதையாவது காட்டும், அதற்குத்தானே இந்தப் பாடு என்று சொல்லிக்கொண்டான். ஆனால் பிடரி முடி குத்திட்டு நின்றது, அது அவனுக்கே வெட்கமாக இருந்தது.

இரண்டு விசைகளைச் சேர்த்து அழுத்தினால் முழுத்திரைக்குப் போக வேண்டும், போகவில்லை. இது பழைய மெஷின்தான் என்று விளையாட்டை ஏமாற்றி ஓடவிட்டான், படம் இன்னும் சிறுத்தது. திரை அளவைக் குறைத்தான், டிரைவரைப் புதிதாகப் போட்டான். ஒவ்வொரு முறையும் படகு நடுவிலேயே வந்து நின்றது. ஒவ்வொரு முறையும் இடப்பக்கம் கொஞ்சம் கூடியிருந்தது, அவன் இப்போது ஸ்கேலைத் தொடுவதை நிறுத்திவிட்டான். கடைசியில் கண் ஆஸ்பத்திரிக்கே போன் போட்டான். எடுத்தது பயிற்சி அறையைப் பார்த்துக்கொள்ளும் உதவியாளர்.

"எங்ககிட்ட அந்தப் பழைய சதுரத் திரதான் சார் இருக்கு. ஓரமெல்லாம் கிடையாதே" என்றார் அவர். பிறகு சற்று நிறுத்தி, "ஒருதடவ அகலத் திர வாங்கிப் போட்டோம் சார். ஒரே நாள்ல திருப்பி அனுப்பிட்டாங்க" என்றார்.

"ஏன்?"

"தெரியல சார். அன்னைக்கு இருந்தவங்க யாரும் இப்ப வேலைல இல்ல."

போனை வைத்துவிட்டு, கடைசி ஆயுதமாக, திரை அமைப்புகளின் அடியாழத்தில் இருந்த பக்கத்தைத் திறந்தான். படத்தை அதன் அளவிலேயே வைக்கவா, இழுத்துத் திரையை நிரப்பவா என்று கேட்டது. நிரப்பச் சொன்னான். அதற்குக் கீழே ஒரு சின்னக் கட்டம், எப்போதும் காலியாகவே விடுகிற கட்டம்: எந்த நிரல் என்ன சொன்னாலும் கேட்காதே, எல்லாவற்றுக்கும் இதையே பொருத்து. கடைக்கு வரும் பையன்களுக்கு, அதை மட்டும் தொடாதீங்கடா என்று அவனே பாடம் நடத்தியிருக்கிறான். ஒரு வாரத்து எரிச்சலில் இன்று அதில் டிக் அடித்தான்.

திரை ஒரு நொடி அணைந்து வந்தது. வழக்கமான கேள்வி: இந்த மாற்றத்தை வைத்துக்கொள்ளவா? பதினைந்து நொடியில் பதில் சொல்லாவிட்டால் பழையபடி ஆகிவிடும். பதினான்கு. பதின்மூன்று.

"அப்பா, வேண்டாம்ப்பா."

"என்ன வேண்டாம்?"

"அவங்க வேண்டாம் வேண்டாம்னு தலையாட்டறாங்க."

பதினாறு வருடத்தில் இந்தக் கேள்வியை ஆயிரக்கணக்கான முறை பார்த்திருக்கிறான், ஒருமுறைகூட யோசித்ததில்லை. கேள்வி வந்ததும் கை தானாக 'ஆமாம்' மேல் போய்விடும். மனைவிகூட இதைச் சொல்லிச் சிரிப்பாள். காதில் மகளின் குரல் விழுந்தது, மூளைக்குப் போய்ச் சேர்வதற்குள் விரல் அழுத்திவிட்டது.

படகு திரையை அடைத்துக்கொண்டு வந்து நின்றது. இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரம்வரை நீலத் தண்ணீர், உள்ளங்கை அளவு மீன்கள். கறுப்பு ஒரு நூலளவுகூட இல்லை. அவன் மேஜையைத் தட்டிக் கத்தியே விட்டான். கண்ணில் நீர் முட்டியது. இந்தக் கண் பிழைத்துவிடும், நிச்சயம் பிழைத்துவிடும் என்று தோன்றியது.

வாலு மீனை அழுத்தவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நிக்க இடமில்லாம பண்ணிட்டியேப்பா. இப்ப அவங்க எங்க நிப்பாங்க?"

அப்போதுதான் கடிகாரச் சத்தம் நின்றுபோயிருந்ததைக் கவனித்தான். தலையை லேசாக இடப்பக்கம் திருப்பினான். சுவரில் ஆணி மட்டும் இருந்தது. கடிகாரம் கீழேயும் விழுந்து கிடக்கவில்லை. ஆணியைச் சுற்றி வட்டமாகச் சுண்ணாம்பு மட்டும் வெளுப்பாக இருந்தது. அதைப் பார்க்கும்போதே பார்வையின் இரண்டு ஓரங்களும் இருண்டிருந்தன. நாளெல்லாம் திரையைப் பார்த்த களைப்பு என்று கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைக் கசக்கினான். இருட்டு நகரவில்லை. கத்தரித்து ஒட்டியதுபோல, மேலிருந்து கீழே, நேர்க்கோடாக நின்றது.

தலையை மகள் பக்கம் திருப்பினான். நாற்காலியோரம் சாய்த்து வைத்திருந்த பள்ளிக்கூடப் பை இல்லை. வலப்பக்கம் பார்த்தான். மடித்த துணிகளோடு இருந்த முக்காலி இல்லை. மறுபடி இடப்பக்கம். இப்போது ஆணியும் இல்லை.

புரிந்தது.

எல்லாவற்றுக்கும் பொருத்து என்று அவன்தான் டிக் அடித்தான். திரையை விட்டுப் போன கறுப்பு அவன் பார்வையின் ஓரங்களில் வந்து நின்றிருந்தது. ஓரத்துக்குப் போனது திரும்பாது. தலையைத் திருப்பும்போதெல்லாம் வீட்டில் எதையோ அவனே ஓரத்துக்குத் தள்ளிக்கொண்டிருந்தான்.

சட்டென்று மகளைப் பார்த்தான். நட்டநடுவில். அப்படியே நிறுத்தினான். கழுத்தை இறுக்கினான். அவளுக்குப் பின்னால் திரை, திரையில் படகு. இரண்டு பக்கமும் கறுப்பு. முன்பைவிட அகலமாக.

"வாலு. அசையாத. அப்பா சொல்றவரைக்கும் அசையவே கூடாது."

"ஏம்ப்பா என்னையே முறைக்கற?"

"விளையாட்டுடா. யாரு அசையாம இருக்கறதுன்னு பார்ப்போம்."

அவள் தோளுக்கு மேலாகக் கையை நீட்டி விசைகளை அழுத்தினான். ஒன்றும் ஆகவில்லை. மறுபடி அழுத்தினான். படகு ஆடியது. அமைப்புப் பக்கம் படத்துக்குப் பின்னால் எங்கோ இருந்தது, அதை முன்னே கொண்டுவர முடியவில்லை. மின்சாரத்தையே பிடுங்கிவிடலாம். பிளக் மேஜைக்கு இடப்பக்கம், சுவரில், ஒரு முழத் தூரத்தில். மகளைவிட்டுக் கண்ணை எடுக்காமல் இடக்கையைப் பக்கவாட்டில் நீட்டினான். முழங்கைவரை கறுப்புக்குள் போனது. சுவர் இல்லை. மேஜையின் விளிம்பு இல்லை. குளிர்ந்த காற்று மட்டும், ஈரத்துணி வாடையோடு, மூச்சுவிடும் சீரில் வந்து வந்து போனது.

கையை இழுத்துக்கொண்டான். இருந்தது. குளிரில் விரைத்திருந்தது.

வாசலில் செருப்பைக் கழற்றும் சத்தம். மனைவி ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை முடித்து வரும் நேரம். தினமும் காதுக்கு இனிக்கிற சத்தம். இன்று உயிர் போய் வந்தது.

"உள்ள வராத! அங்கயே நில்லு!"

"என்னங்க இது, கதவக்கூடத் தாழ்ப்பாள் போடாம, இருட்டுல உட்கார்ந்துக்கிட்டு..." குரல் வலப்பக்கமாக நெருங்கியது. பை ஒன்று தரையில் வைக்கப்படும் ஒலி. இரண்டு எட்டு. அவன் திரும்பவில்லை. திரும்பினால் மகள் போவாள். திரும்பாவிட்டால் மனைவி. இரண்டில் ஒன்றை எடு என்று எந்தப் புருஷனிடம் கேட்பார்கள்? பல்லைக் கடித்துக்கொண்டு மகளையே பார்த்தான்.

"யாருங்க அது, உங்க பக்கத்துல நிக்க..."

அங்கேயே அறுந்தது.

அலறல் இல்லை. விழும் சத்தமும் இல்லை. மெஷினின் இரைச்சல் மட்டும்.

"அம்மா?" வாலு நாற்காலியிலிருந்து குதித்தாள். "அம்மா எங்க?"

எட்டி அவள் கையைப் பிடித்தான். சின்னக் கை. வியர்த்திருந்தது. இழுத்து முகத்துக்கு நேராக நிறுத்திக்கொண்டான். கறுப்பு இப்போது அவளுடைய இரண்டு தோளையும் தொட்டுக்கொண்டிருந்தது. ஒட்டுப்பட்டை. மூக்கு. மந்தமான அந்த இடது கண், நேராக அவனையே பார்த்துக்கொண்டு.

"அப்பா பார்த்துக்கிட்டே இருக்கேன். அப்பாவ விட்டு எங்கயும் போகக் கூடாது. சரியா?"

"சரிப்பா." அவள் உதடு துடித்தது. "அப்பா, அவங்க உன் பின்னாடி நிக்கறாங்கப்பா."

தாடையில் ஏதோ பட்டது. இரண்டு விரல்கள். குளிர்ந்தவை. அவசரமே இல்லாதவை. அவன் கழுத்து நரம்பு புடைக்க எதிர்த்து நின்றான். பல் கிட்டித்தது. முகம் திரும்பியது. மெல்ல. இன்னும் மெல்ல. வாலுவின் காது போனது. கன்னம் போனது. கடைசியாக அந்தக் கண்.

எதிரே வெறும் சுவர்.

ஆனால் கையை விடவில்லை. அது அவன் பிடியில் இருந்தது. வியர்வையோடு, சூட்டோடு. இறுக்கினான். பதிலுக்கு அதுவும் இறுக்கியது. அழுகை பொங்கியது, கடவுளே, பிடித்துவிட்டேன், பிள்ளையைப் பிடித்துவிட்டேன்.

"அப்பா..."

குரல் வெகு தூரத்திலிருந்து வந்தது. சுவருக்கு அப்பால், தெருவுக்கு அப்பால், எங்கோ.

"அப்பா, எங்க இருக்க? ஏம்ப்பா என் கைய விட்ட?"

அவன் பிடியில் இருந்த கை, விரல்களை ஒவ்வொன்றாக அவன் விரல்களுக்கு நடுவே கோத்துக்கொண்டது.