இரண்டு மீட்டர் இடைவெளி

அழித்தது அவர்தான். வேறு யார் மேலும் பழி போட வழியில்லை. பக்கத்து நாற்காலிகள் எல்லாம் காலி. இடமில்லை, இடமில்லை என்று கணினி நாலு நாளாகப் புலம்பியதால், மாலை நாலரைக்கு ஒரு ஃபோல்டரை மொத்தமாக அழித்துவிட்டு, வீட்டுக்கே வெள்ளையடித்து முடித்தவர்போலக் கைகளைத் தட்டிக்கொண்டார். அடுத்த நிமிடம் போக்குவரத்து நிரல் திறக்க மறுத்தது.

அலுவலகத்தில் அவருக்குப் பெயர் சிக்னல். சாலைச் சந்திப்புகளுக்கு விளக்கு நேரம் கணக்கிடுபவர் என்பதால் மட்டுமல்ல. மேனேஜர் ஒரு வார்த்தை சொன்னால் போதும், முகம் சிவந்து நின்ற இடத்திலேயே நின்றுவிடுவார்.

திரையில் ஓடும் பொய் வண்டிகளுக்குத் தாமாக ஓடத் தெரியாது. முன்னால் போகிற வண்டிக்கு எவ்வளவு தள்ளி வர வேண்டும் என்று ஒவ்வொரு நொடியும் ஒரு லைப்ரரி கோப்பிடம் கேட்டுக்கொள்ளும், சமையலுக்கு நடுவில் பக்கத்து வீட்டில் உப்புக் கேட்பதுபோல. அந்தப் பக்கத்து வீட்டைத்தான் சிக்னல் இடித்துத் தள்ளியிருந்தார்.

மேனேஜரிடம் சொன்னால் இரவு முழுக்க இங்கேயே உட்கார வேண்டும். இன்று முடியாது. மகள் வருகிறாள், மூன்று வருடம் கழித்து. அவளுடைய அம்மா ஆஸ்பத்திரியில் கடைசி மூச்சை விட்டபோது, “இதோ கிளம்பிட்டேன்” என்று போனில் சொன்னபடி இவர் இதே நாற்காலியில் இருந்தார். “நீங்க எப்பவும் வந்துட்டே இருப்பீங்கப்பா. வந்து சேர மாட்டீங்க” என்றுவிட்டுப் போனவள், போன வாரம் தானே கூப்பிட்டாள். “ஏழு மணிக்கு வீட்ல இருங்க. இல்லன்னா எட்டு மணி பஸ்ஸுல திரும்பிடுவேன்.”

மேசையின் அடி இழுப்பறையில், வேலையை விட்டுப் போன டீச்சரின் பென்டிரைவ் கிடந்தது. எல்லோருடைய நிரலிலும் பிழை கண்டுபிடித்துச் சுழித்ததால் அவளுக்கு அந்தப் பெயர். அதில் அதே லைப்ரரியின் பழைய பதிப்பு ஒன்று இருந்தது. போட்டார். நிரல் திறந்தது.

சோதனைக்கு ஒரே ஒரு வண்டி. காலியான நீளச் சாலை. முன்னால் யாருமில்லை என்றால் வண்டி அறுபதில் பறக்க வேண்டும். அது இருபத்துநாலில் ஊர்ந்தது. பச்சை விளக்கின் முன்னால் நின்றது. பக்கத்தில் ஓடிய பட்டியலில் ‘முன்வண்டி’ என்ற கட்டம் வெறுமையாக இருக்க, ‘இடைவெளி’க்கு நேரே இரண்டு மீட்டர் என்று இருந்தது. இல்லாத ஒன்றுக்கு இரண்டு மீட்டர்.

ஏசியின் உறுமல் நின்று, அறையில் சூடான தூசியின் வாசனை மெல்லப் பரவியது. நின்ற வண்டிக்கு எண்கள் மாறக் கூடாது. வேகம் பூஜ்யம், இடைவெளி 2.0. வேகம் பூஜ்யம், இடைவெளி 1.9. பூஜ்யம், 1.6. நிற்கிற வண்டிக்கு இடைவெளி குறைகிறதென்றால், முன்னால் இருப்பது பின்னோக்கி வருகிறது. அப்படி வருவதற்கு இந்த நிரலில் வழியே கிடையாது. 0.4 ஆனபோது கணினியை அணைத்துவிட்டு டீச்சருக்குப் போன் போட்டார்.

“உங்க பழைய லைப்ரரியைப் போட்டேன் டீச்சர். முன்னால வண்டியே இல்ல, ஆனா யாருக்கோ மரியாதை குடுத்துட்டு வருது.”

“சார், இன்னும் அங்கேயேதான் இருக்கீங்களா? நான் இப்ப ஸ்கூல்ல கணக்கு சொல்லித் தர்றேன். நிஜ டீச்சராவே ஆயிட்டேன்.”

“முன்னால யாரு?”

“பையன் அழறான் சார், அப்புறம் பேசறேன்.”

எந்தப் பையனும் அழுகிற சத்தம் கேட்கவில்லை. அவள் போனை வைக்கவும் இல்லை.

“எத்தனை தடவை ஓட்டினீங்க?”

“ஒரு தடவைதான்.”

“அப்ப சரி. சரின்னும் சொல்ல முடியாது. போறப்ப முந்தப் பார்க்காதீங்க சார்.”

ஆறேகாலுக்குக் காரை எடுத்தார். வெளிச்சம் சாம்பல் நிறத்துக்கு இறங்கிக்கொண்டிருந்த நேரம். பூட்டிய கிடங்குகளை ஒட்டிய சாலையில் ரப்பர் கருகிய வாடையும் எங்கோ இரும்பு தட்டும் சத்தமும். முன்னால் ஒரு வண்டியும் இல்லை. ஆனால் அவருடைய கால் ஆக்ஸிலரேட்டரிலிருந்து தானாக எழும்பியது. மிதித்தார். மறுபடி எழும்பியது. முள் இருபத்துநாலில் நின்றது. ‘வயசாகுதுடா சிக்னல், காலுக்குக்கூட ரிட்டயர்மெண்ட் வேணுமாம்’ என்று தனக்கே சொல்லிச் சிரிக்கப் பார்த்தார்.

பின்னால் ஹார்ன். ஒரு வேன் பக்கத்தில் வந்து ஒட்டியது.

“அண்ணே, முன்னாடி ரோடு காலியாத்தானே கிடக்கு. பொண்ணு பார்க்கப் போற மாதிரி எதுக்கு இந்த ஊர்வலம்?”

“கால் சரியில்ல தம்பி.”

வேன் முந்தியது. அவர் காரைத் தாண்டியதும் இடப்பக்கம் ஒடிக்கவில்லை. இன்னும் ஒரு கார் நீளம் நேராகப் போய், அதன் பிறகுதான் உள்ளே வந்தது. அடுத்து வந்த பைக்கும் அப்படியே. அதற்கடுத்த காரும். ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. ஏதோ ஒன்றைச் சுற்றிப் போகிறோம் என்று அவர்களுக்குத் தெரிந்ததாகவும் தோன்றவில்லை.

வீட்டுக்குக் கீழே வந்தபோது ஏழுக்கு ஐந்து நிமிடம். மூன்றாவது மாடி ஜன்னலில் விளக்கு எரிந்தது. மூன்று வருடத்தில் முதல் தடவையாக, அவர் போடாத விளக்கு. அதைப் பார்த்துக்கொண்டு ஒரு நிமிடம் நின்றார். பழைய சாவியால் திறந்து உள்ளே வந்துவிட்டாள். வந்து சேர்ந்துவிட்டேன் என்று அவளிடம் சொல்லலாம்.

படிக்கட்டில் பினாயில் வாசனை. ஆள் அசைந்தால் எரியும் விளக்குகள், அடியில் போய் நின்று கையை ஆட்டினால்தான் விழிக்கும் சோம்பேறிகள். இன்று ஒவ்வொன்றும் அவர் போவதற்கு முன்பே எரிந்தது. அவருக்கு இரண்டு மீட்டர் முன்னால். முதல் மாடி. இரண்டாம் மாடி. அவர் நின்றால், அதுவும் நின்றது.

மூன்றாம் மாடி நடை. கதவின் அடியில் மஞ்சள் கோடாக வெளிச்சம். உள்ளே தட்டு வைக்கும் சத்தம், மகளின் செருமல். சின்ன வயதிலிருந்தே உள்ள அதே செருமல்.

கதவுக்கு இரண்டு மீட்டர் இருக்கும்போது கால் நின்றது.

கூப்பிட வாயைத் திறந்தார். குரல் வரவில்லை. முன்னால் எதுவும் இல்லை. கதவு. மிதியடி. வெறும் காற்று.

காற்று நெருங்கியது.

முகத்தில் சூடு. யாரோ மூச்சு விடும் தூரத்துச் சூடு. கால் தானாகப் பின்வாங்கியது. ஓரடி. இன்னும் ஓரடி. முதுகு சுவரில் உரச, படியில் இறங்கினார். ஒன்று. மூன்று. ஐந்து. திருப்பத்துக்கு வந்தபோது கதவு கண்ணில் படவில்லை. அவர் தலைக்கு மேலிருந்த விளக்கு விழிக்கவில்லை. மேலே, நடையில், ஆளில்லாமல் விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

அழைப்பு மணி அடித்தது. அவர் வீட்டு மணி.

போனில் மகளை அழைத்தார்.

“கண்ணு. கதவைத் திறக்காதே.”

“அப்பாவா? எங்க இருக்கீங்க? வந்துட்டே இருக்கீங்களா?” அவள் குரலில் அந்தப் பழைய சலிப்பு.

“படியிலதாம்மா நிக்கிறேன். வந்து சேர்ந்துட்டேன். சத்தியமா. கதவு ஓட்டை வழியா மட்டும் பாரு. வெளியில யாரு?”

“என்னப்பா விளையாட்டு இது?”

“இன்னிக்கு யாரும் எனக்கு நேரா பதில் சொல்லலம்மா. நீயாவது சொல்லு.”

செருப்பில்லாத பாதங்கள் கதவை நோக்கி நடக்கும் சத்தம் போனிலும் மேலேயிருந்தும் ஒருசேரக் கேட்டது. பிறகு நின்றது.

“நீங்கதான்பா” என்றாள். “கதவுக்கு முதுகைக் காட்டிட்டு, படியைப் பார்த்துட்டு நிக்கிறீங்க.”

அவள் குரல் கிசுகிசுப்பாக இறங்கியது.

“ஆனா உங்க கையில போன் இல்ல.”