நிலுவையில் இருப்பவர்கள்

செவ்வாய்க் கிரகத்தில் இது நடந்தது 2391ஆ, 2393ஆ என்று எனக்கு உறுதியில்லை. ஆண்டில் தவறினாலும் நடந்ததில் தவறமாட்டேன் என்று நினைக்கிறேன்.

நூற்று நாற்பத்திரண்டு வயதான கனகவல்லி அன்றும் குளித்து, நெஞ்சுத் தோலுக்கடியில் உயிர்நீட்டியின் பச்சை விளக்கு எரிகிறதா என்று பார்த்துக்கொண்டு, தொழிலாளர் நீதிமன்றத்துக்குக் கிளம்பினாள். பனிச்சுரங்கத்தில் துளைப்பொறி ஓட்டியவள். ஏழு நிமிடம் தாமதமாக வந்ததற்காக மேலாளர் சீதாபதி அவளை வேலையைவிட்டு நீக்கித் தொண்ணூற்றாறு ஆண்டுகள் ஆகின்றன.

குடியேற்றத்தின் தொடக்கத்தில் முதலாளிகள் தொழிலாளி சாகும்வரை வழக்கை இழுத்தடித்தார்கள். அதைத் தடுக்கச் சட்டம் வந்தது. வழக்கு நிலுவையில் உள்ளவரை இரு தரப்பையும் அரசே சாகாமல் பார்த்துக்கொள்ளும். தீர்ப்பு வந்த அன்று மாலை ஆறு மணிக்கு உயிர்நீட்டி நிறுத்தப்படும். அதன்பிறகு யாரும் தீர்ப்புக் கேட்டதில்லை. வாய்தாதான் கேட்டார்கள்.

வாசலில் சீதாபதி வெளிறிப்போய் நின்றிருந்தார்.

"நீதிபதிய மாத்திட்டாங்கம்மா. ஒரு பொறி வந்து உக்காந்திருக்கு. காலையிலேர்ந்து நாலாயிரம் கேஸ் தள்ளுபடி."

"என்ன காரணமாம்?"

"காலம் போனதுல தகராறே இல்லாமப் போச்சாம்."

உள்ளே நீதிப்பொறி அவசரமில்லாமல் கேட்டது: "சுரங்கம் மூடி எண்பது ஆண்டு. நிறுவனம் கலைந்து எழுபது ஆண்டு. இனி இங்கே என்ன தகராறு?"

கனகவல்லி சீதாபதியைத் திரும்பிப் பார்த்தாள். சீதாபதி எழுந்தார்.

"தகராறு இருக்குங்கய்யா. சுரங்கம் இன்னைக்குத் திறந்தாலும் இந்தம்மாவ நான் சேர்க்க மாட்டேன். அவ்வளவு திமிரு."

"உங்ககிட்ட எவ வருவா வேலைக்கு?" என்றாள் கனகவல்லி.

"வேலை கேட்பவரும் இல்லை. பதிவாகிவிட்டது. தள்ளுபடி," என்றது பொறி.

இருவரும் வெளியே பெஞ்சில் உட்கார்ந்தார்கள்.

"வாய மூடிக்கிட்டு இருந்திருக்கலாம்ல?" என்றார் சீதாபதி.

"திமிருன்னு சொன்னீங்கள்ல."

"கேஸக் காப்பாத்தத்தானே சொன்னேன்."

"அதுல பாதி நெசம் சார்."

ஆறு மணி ஆயிற்று. ஆறரையும் ஆயிற்று. விளக்குகள் பச்சையாகவே இருந்தன.

பகல் மூன்று மணிக்கே எல்லா வழக்குகளையும் தீர்த்துவிட்ட நீதிப்பொறியை, இனி வேலையில்லை என்று திருப்பி அனுப்பியிருந்தார்கள். உயிர்நீட்டிகளை நிறுத்தும் பிரிவின் நானூறு ஊழியர்களுக்கும், நாளை முதல் வரவேண்டாம் என்று நான்கு மணிக்குக் கடிதம் போயிற்று. அவர்கள் நேரே நீதிமன்றம் போனார்கள். மீண்டும் வந்து அமர்ந்திருந்த பழைய நீதிபதி, வழக்கு முடியும்வரை அந்தப் பிரிவில் ஒரு பொத்தானையும் யாரும் தொடக்கூடாது என்று தடையாணை போட்டார். அரசு வழக்கறிஞர் வீட்டில் கல்யாணம் என்பதால் வாய்தாவும் கொடுத்தார்.

அந்த வழக்கு இன்னும் நடக்கிறது. நீதிப்பொறியை உருக்கித் தண்ணீர்க் குழாய் செய்தார்கள். நானூறு ஊழியர்களுக்கும், வழக்காளிகள் என்ற முறையில், உயிர்நீட்டி பொருத்தப்பட்டது. கனகவல்லியும் சீதாபதியும் ஒவ்வொரு வாய்தாவுக்கும் போய்ப் பின்வரிசையில் உட்கார்ந்து, அரசு வழக்கறிஞருக்குக் காய்ச்சல் வரவேண்டும் என்று வேண்டிக்கொள்கிறார்கள். இதுவரை வராமல் இருந்ததில்லை.