வாங்கினது அத்தனையும்

அப்பாவின் கட்டடத்தில் லிஃப்ட் கிடையாது. ஞாயிற்றுக்கிழமை மதியம் மூன்றாவது மாடிக்கு மூச்சு வாங்க ஏறிக்கொண்டிருந்தேன். அப்பா வீட்டுக்கு நேர் கீழே குடியிருக்கும் தையல்கார அக்கா கதவைப் பாதி திறந்து, பல்லில் கடித்த ஊசியோடு கேட்டாள்.

"அப்பா வீட்டுக்கா? யாரும்மா அங்க புதுசா?"

"யாரும் வரலையே அக்கா. அவரு தனியாத்தானே இருக்காரு."

"தனியாவா? மெல்லுற சத்தம் கூரையைப் பிச்சிக்கிட்டு வருது. மாடு கூட வாயை மூடித்தான் மெல்லும்."

சிரித்து வைத்துவிட்டு மேலே ஏறினேன். கடைசிப் படிக்கட்டில் வாடை வந்து முகத்தில் அறைந்தது. அழுகல் வாடை என்று சொல்ல முடியாது. காலையில் எழுந்ததும் நம் வாயே நமக்கு நாறுமே, இனிப்பும் புளிப்புமாக, வெதுவெதுப்பாக, அந்த வாடை. ஒரு வீட்டுக்கே வாய் நாறியது.

அப்பா கதவைத் திறந்தார். அவர் ஆஸ்பத்திரியில் துணி வெளுக்கும் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். மருந்துத் தண்ணீரில் வெளுத்துப்போன கைகள். அந்தக் கைகளுக்கு நடுவில் இருக்க வேண்டிய ஆளைத்தான் காணவில்லை. கொடியில் காயும் சட்டை மாதிரி சட்டை தொங்கியது. கன்னம் உள்ளே போய், முகத்தில் மூக்கு மட்டும் மிச்சமாக நின்றது.

"வாங்க வக்கீலம்மா" என்றார்.

நான் வக்கீல் இல்லை. ஒரு கம்பெனியில் கணக்குப் பிரிவில் இருக்கிறேன். எங்கள் குடும்பத்தில் பட்டம் வாங்கிய முதல் ஆள் நான். அதற்குப் பரிசாக, குடும்பத்துக்காக எல்லா அலுவலகத்திலும் சண்டை போடும் வேலை என் தலையில் விழுந்தது. அதிலும் போன் என்றால் நான்தான். என் குரல் கொஞ்சம் கட்டை. பள்ளிக்கூடத்தில் படிக்கும்போதே பாங்க்குக்குப் போன் போட்டு, "ஆமா சார், நான்தான் பேசறேன்" என்று அப்பாவாகப் பேசியிருக்கிறேன். எதிர்ப்பக்கம் இருப்பவர்கள் எனக்கும் சார் போடுவார்கள். அப்பா பக்கத்தில் நின்று வாயைப் பொத்திச் சிரிப்பார்.

அன்றைக்கு நான் வந்ததும் ஒரு சண்டைக்குத்தான். ஒரு ஆப்பை ஒழித்துக்கட்ட.

அம்மா இறந்துபோன பிறகு அப்பா அடுப்படியில் நின்றபடியே சாப்பிட ஆரம்பித்தார். வெளியூரில் இருக்கும் அண்ணனுக்கு வந்து பார்க்க நேரமில்லை. ஆப் ஒன்றை இறக்கிக் கொடுக்க மட்டும் நேரம் இருந்தது. 'துணை' என்று பெயர். தனியாகச் சாப்பிடுகிறவர்களுக்காம். எதிரில் போனை நிறுத்தி வைத்தால் அதுவும் கூட உட்கார்ந்து சாப்பிடுமாம். மாதச் சந்தா, அப்பாவின் ஓய்வூதியத்திலிருந்து தானாகவே போய்க்கொண்டிருந்தது.

"இருடா, சாப்பாட்டு நேரம். அப்புறம் பேசலாம்" என்றார் அப்பா.

மேசையில் இரண்டு தட்டு வைத்தார். எனக்கு என்று நினைத்து நாற்காலியை இழுத்தேன்.

"அது உனக்கில்ல. உனக்கு வேற எடுத்துக்க."

அம்மா உட்காரும் பக்கத்தில் போனை ஒரு டம்ளரில் சாய்த்து வைத்து, அதன் முன்னால் அந்தத் தட்டைத் தள்ளினார். வேகவைத்த உருளைக்கிழங்கு, பயறு, மிளகு தூவிய முட்டை. பூண்டைக் கருகவிட்டிருந்தார், எப்போதும் போல. போன் திரை கறுப்பாக இருந்தது.

சத்தம் தொடங்கியது.

முதலில் உதடு பிரியும் சத்தம். பிறகு நாக்கு. பிறகு பல்லுக்கு நடுவில் ஈரமாக எதுவோ நசுங்கி, புரண்டு, மறுபடி நசுங்கும் சத்தம். நடுநடுவே மூக்கால் விடும் மூச்சு. யாரோ அவசரமாக, கூச்சமே இல்லாமல் தின்றார்கள்.

நான் தட்டைப் பார்த்தேன்.

உருளைக்கிழங்கு குறைந்துகொண்டிருந்தது.

எந்தக் கையும் அதைத் தொடவில்லை. ஓரத்திலிருந்து கொஞ்சம் கொஞ்சமாக, பல் பதிந்த தடத்தோடு குறைந்தது. கடைசியில் தட்டு காலி. விளிம்பில் எச்சில் நூலாகத் தொங்கி, மேசைத் துணியில் சொட்டியது.

அப்பாவின் தட்டு போட்டது போட்டபடி இருந்தது.

"நீங்க சாப்பிடலையா?" என்றேன்.

"அது சாப்பிட்டா எனக்கு நிறைஞ்சிடுது" என்றார். ஏப்பம் விட்டார். வெறும் வயிற்று ஏப்பம், புளித்த ஏப்பம்.

எனக்குப் பயத்தை விட அருவருப்புதான் முதலில் வந்தது. அதைவிட ஆத்திரம். வேலை பார்த்துத் தேய்ந்த மனுஷனின் மிச்சம் மீதியையும் உட்கார்ந்து தின்கிறது ஒரு ஆப்.

போனைப் பிடுங்கினேன். அதன் பின்பக்கம் நாக்கு பட்ட மாதிரி வழுவழுப்பாக இருந்தது. ரத்து செய்யும் பட்டனை வெள்ளைப் பின்னணியில் வெளிறிய எழுத்தில் ஒளித்து வைத்திருந்தார்கள். அழுத்தினேன். 'நீங்கள் போனால் எங்களுக்கு வருத்தம்' என்றது. அழுத்தினேன். பாதிச் சந்தா போதும் என்றது. அழுத்தினேன். சும்மா ஒரு மாதம் நிறுத்திப் பாருங்களேன் என்றது. இந்தத் தந்திரமெல்லாம் எனக்குத் தெரியும். எங்கள் கம்பெனியும் இதைத்தான் செய்கிறது. கடைசித் திரையில், கணக்கு வைத்திருப்பவர் வாயால் சொன்னால்தான் ரத்தாகும் என்று போட்டிருந்தது. கீழே ஒரு எண்.

"சொல்லுங்கப்பா. வேணாம்னு ஒரு வார்த்தை."

அப்பா தலையை ஆட்டினார். "பாவம்டா. அது பட்டினி கிடக்கும்."

"நீங்கதான் பட்டினி கிடக்கறீங்க! கண்ணாடியில பாத்தீங்களா?"

"உங்கம்மா போனதுக்கப்புறம் இந்த மேசையில யாரு உட்காந்தா, சொல்லு. நீ உட்காந்தியா?"

எனக்குத் தெரிந்த வேலையைச் செய்தேன். எண்ணை அழுத்தி, தொண்டையைச் செருமி, குரலை இறக்கினேன்.

"சொல்லுங்க" என்றது ஒரு பெண் குரல். வாயில் எதையோ அடக்கிக்கொண்டு பேசுவது போல இருந்தது.

"சந்தாவை ரத்து பண்ணணும்."

"கணக்கு உங்களோடதா?"

"ஆமா. நான்தான் பேசறேன்."

எதிர்ப்பக்கம் மெல்லுவது நின்றது. மோப்பம் பிடிப்பது மாதிரி ஒரு மூச்சு.

"நீங்கதானா?"

"நான்தான்னு சொல்றேன்ல."

"சரி. இனி நீங்கதான். காரணம்?"

"அருவருப்பா இருக்கு. போதுமா? இன்னொண்ணு, சந்தா ரத்தானா மட்டும் பத்தாது. ரீஃபண்ட் வேணும். இந்த வீட்டுல வாங்கினது அத்தனையும் திரும்பி வரணும்."

"அத்தனையுமா?"

"ஒரு துளி விடாம."

"யாருகிட்ட குடுக்கட்டும்?"

"என்கிட்டதான். வேற யாருகிட்ட?"

விழுங்கும் சத்தம் கேட்டது. போன் வைக்கப்பட்டது. திரையிலிருந்து அந்த ஆப் தானாகவே மறைந்துவிட்டது.

அப்பா கொஞ்ச நேரம் எதிர் நாற்காலியையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ஆறிப்போன தன் தட்டை இழுத்து, அள்ளி அள்ளித் தின்றார். தின்றபடியே அழுதார். "பசிக்குதுடா" என்றார். "எவ்வளவு பசி!" வாடையும் போய்விட்டது. ஜெயித்த மிதப்பில் படி இறங்கினேன்.

ரீஃபண்ட் மறுநாளே வர ஆரம்பித்தது.

அலுவலகத்தில், பட்டப்பகலில், மேலாளர் எதையோ விளக்கிக்கொண்டிருந்தார். என் நாக்கின் அடியில் ஏதோ நகர்ந்தது. எச்சில் என்று நினைத்தேன்.

வாய் நிறைந்தது.

குளிர்ந்து, கூழாகி, நூல் நூலாக. வாயைப் பொத்திக்கொண்டு கழிவறைக்கு ஓடினேன். தொட்டியில் துப்பினேன். சாம்பல் நிறத்தில் உருளைக்கிழங்கு. பயற்றின் தோல். மிளகு. கருகிய பூண்டின் சுவை நாக்கில் ஒட்டிக்கொண்டு கிடந்தது. அது அப்பாவின் சமையல். ஏற்கனவே யாரோ மென்றது.

அன்றைக்கே திரும்பத் திரும்ப வந்தது. பஸ்ஸில் வந்தது. பல் தேய்க்கும்போது வந்தது. சாப்பிட வாயைத் திறந்தாலே முந்திக்கொண்டு வந்தது. என் சாப்பாட்டுக்கு வாயில் இடமே இருக்கவில்லை. அந்த எண்ணுக்குப் போட்டால் அப்படி ஒரு எண்ணே இல்லை என்றார்கள். அண்ணனிடம் கத்தினேன்.

"ஆப்புக்கு நாலரை ஸ்டார் இருந்துச்சே" என்றான்.

"அந்த ஸ்டாரை எடுத்து நீயே முழுங்கு" என்று வைத்துவிட்டேன்.

பிறகு என் போனுக்கு ஒரு செய்தி வந்தது. 'உங்கள் கோரிக்கை ஏற்கப்பட்டது. வாங்கியது அனைத்தும் தவணைகளில் திரும்ப வரும். இதை நிறுத்த விரும்பினால், அப்பாவுக்கு மறுபடி தொடங்கலாம்.' கீழே ஒரு பட்டன். இது மட்டும் பெரிதாக, பளிச்சென்று இருந்தது.

'அப்பாவுக்கு' என்றே போட்டிருந்தது.

அந்த பட்டன் மேல் எத்தனை தடவை விரலைக் கொண்டுபோனேன் என்று எனக்குத்தான் தெரியும். ஒருமுறை விரல் கண்ணாடியைத் தொட இருந்தபோது அப்பாவே கூப்பிட்டார்.

"வக்கீலம்மா, பேண்ட் இடுப்புல நிக்குதுடா! கீழ் வீட்டுத் தையக்காரி என்னப் பாத்து, என்ன மாப்பிள்ளை மாதிரி ஆயிட்டீங்கங்கறா. நீ சாப்பிட்டியா?"

வாய் நிறைய இருந்தது. "ம்" என்றேன்.

பட்டனை அழுத்தவில்லை. துப்பினேன். துப்பித் துப்பி உதட்டோரம் புண்ணானது. அலுவலகத்தில் டயட்டா என்று கேட்டார்கள். என் சட்டையும் கொடியில் காயும் சட்டையானது. அப்பா விட்ட சதையெல்லாம் அவரிடம் போய்ச் சேர, என் சதை போனது. போகட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு கிடந்தேன். ஒரு கிழவன் சமைத்துப் போட்டது எவ்வளவு இருந்துவிடும்? எப்படியும் தீரும்.

தீர்ந்தது. ஒருநாள் காலையில் வந்த வாய், கடைசி வாய் என்று எனக்கே தெரிந்தது. அளவு குறைவு. ஆனால் கூழுக்கு நடுவில் கெட்டியாக ஒன்று, பல்லில் இடித்தது.

கழுவிப் பார்த்தேன். கடைவாய்ப் பல். வயதான பல், மஞ்சள் பூத்து, நடுவில் கறுத்த பொந்து. பொந்துக்குள் பயற்றின் தோல் ஒன்று சிக்கியிருந்தது.

கண்ணாடி முன் நின்று என் பற்களைத் தடவினேன். எல்லாம் இருந்தன. அப்பாவுக்குப் போன் போட்டு, பல் ஏதும் விழுந்ததா என்று கேட்டேன். "எனக்கா? எல்லாம் கல்லு மாதிரி இருக்கு. ஏன்?" என்றார்.

வேறு யாராவது தூக்கி எறிந்திருப்பார்கள். நான் புகார் கொடுக்கிறவள். நுகர்வோர் மன்றத்தில் கொண்டுபோய் வைக்க ஆதாரம் வேண்டும். பல்லை ஜாம் பாட்டிலில் போட்டு, மூடியை இறுக்கி, மேலே டேப் சுற்றி, அலமாரியில் வைத்தேன். அன்று மதியம் ரொட்டி தின்றேன். என் ரொட்டி, என் எச்சில். அழுகை வந்தது.

இன்று காலை, புகாரோடு இணைக்கப் படம் எடுக்கலாம் என்று பாட்டிலை ஜன்னல் வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தேன். டேப் சுற்றியது சுற்றியபடி இருந்தது. கண்ணாடியின் உள்பக்கம் ஆவி படிந்திருந்தது, யாரோ மூச்சு விட்ட மாதிரி. துணியால் வெளியே துடைத்துப் பார்த்தேன். துடைக்கத் துடைக்க, உள்ளிருந்து ஆவி மறுபடி படிந்தது.

அது விலகிய இடைவெளியில் தெரிந்தது. இப்போது ஒற்றைப் பல் அல்ல. ஒரு வரிசை.

அவற்றைச் சேர்த்துப் பிடித்திருந்த ஈறு, புதிதாக, இளஞ்சிவப்பாக, ஈரமாக இருந்தது.