கீழே நின்று பார்த்தவன்

அந்த வாத்துக்கொழுப்பு ஜாடியைப் பற்றி லோரண்ட் எந்தப் புத்தகத்திலும் படித்ததில்லை. இருந்தும் போன ஞாயிற்றுக்கிழமை, போர்க்காலத்தில் புடாபெஸ்டின் யூதர்களை அடைத்து வைத்திருந்த தெருக்கள் வழியாக வழக்கம்போல ஒரு கூட்டத்தை நடத்திக்கொண்டு போய், கடைசி வீட்டின் முற்றத்தில் நின்று மூன்றாம் மாடி ஜன்னலைக் காட்டியபோது, அவன் வாய் தானாகச் சொன்னது: "அந்த விளிம்புல ஒரு ஜாடி இருக்கும், ரொட்டில தடவிச் சாப்பிட வாத்துக்கொழுப்பு. துணியால மூடி, சிவப்பு நூல் கட்டி வெச்சிருப்பாங்க. கடைசி வரைக்கும் அதைத் திறக்கவே இல்ல." கூட்டத்தில் ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவனுக்கு ஒன்றும் தோன்றவில்லை. வருஷக்கணக்காக ஒரே சாவுகளை ஒரே மூலைகளில் நின்று சொல்லிச் சொல்லி, பல் டாக்டர் ஊசி போட்ட கன்னம் மாதிரி அவனுக்கு உள்ளே எல்லாம் மரத்துப்போயிருந்தது.

வீட்டுக்கு வந்து வில்மாவிடம் சொன்னான். மனைவி அடுப்பில் பீன்ஸ் சூப்பைக் கிளறிக்கொண்டிருந்தாள். சுற்றுலா வழிகாட்டி லைசென்ஸுக்கு அவன் படித்த அத்தனையையும் பக்கத்தில் உட்கார்ந்து கேள்வி கேட்டவள் அவள்தான். அவனுக்கு மறந்தது அவளுக்கு மறக்காது.

"ஜாடியா? எதுலயும் இல்லையே."

"அதான் சொல்றேன். எங்க ஆளுங்க பேசுறாங்கன்னு தோணுது." சொல்லும்போதே அவனுக்குக் கொஞ்சம் சந்தோஷமாகக்கூட இருந்தது. அவனுடைய அப்பா கைக்குழந்தையாக, இதே தெருக்களில், ஒரு மேஜை இழுப்பறையில் படுத்து அந்தப் போர்க்காலக் குளிரைத் தாண்டியவர். அதைப் பற்றிச் சாகும்வரை ஒரு வார்த்தை பேசாதவர்.

"பேசட்டும். அப்படியே வந்து இந்த வெங்காயத்தையும் உரிச்சுக் குடுக்கச் சொல்லு."

"விளையாடாத வில்மா. இந்த ஞாயிறு நீயும் கூட வா. நான் படிச்சது எது, படிக்காதது எதுன்னு உனக்குத்தான் தெரியும். என் வாயில வர்றது யாருன்னு எனக்குத் தெரியணும். எங்க ஆளுங்க இல்லேன்னா நான் இந்த வேலையையே விட்டுடுறேன்."

அவள் கரண்டியை வைத்துவிட்டு அவனைப் பார்த்தாள். "சரி, வர்றேன். ஆனா நடக்கவிட்டே கொன்னுடாத. என் பூட்ஸ்ல தண்ணி ஏறுது."

ஞாயிற்றுக்கிழமை மத்தியானமே வானம் அழுக்குத் துணி போலத் தொங்கியது. பனி பெய்து, மிதிபட்டு, கறுத்துக் கரைந்துகொண்டிருந்தது. மதுக்கடை வாசல்களில் நேற்றைய பீர் வாடை, பூண்டு தடவிய லாங்கோஷ் ரொட்டி பொரியும் எண்ணெய் வாடை, ஈரக் கம்பளிக் கோட்டுகளின் வாடை. கல்யாணத்துக்கு முந்தின கும்மாளத்துக்கென்று விமானம் ஏறி வந்த பயல்கள் ஒரே மாதிரி சட்டை போட்டுக்கொண்டு பாடிக்கொண்டிருந்தார்கள். லோரண்டின் கூட்டம் சிறியது. உள்நாட்டுக்காரர்கள்தான். முன்னால் கைத்தடியோடு ஒரு கிழவி, ஸெகெட் ஊரிலிருந்து ரயிலேறி வந்தவள், ஆரங்கா என்று பெயர். பின்னால், யாரோ மாதிரி, வில்மா.

முதலில் எல்லாம் சரியாகத்தான் போனது. வேலி இருந்த இடத்தைச் சொன்னான். ரொட்டி கிடைக்காததைச் சொன்னான். வீடு வீடாக ஏறி ஆட்களைப் பிடித்துப்போன அம்புச் சிலுவைக் கட்சியை, இந்த நாட்டு நாஜிகளைப் பற்றிச் சொன்னான். சதுக்கத்தில், இப்போது குழந்தைகள் சறுக்கு விளையாடும் இடத்தில், உறைந்த உடல்களை அடுக்கி வைத்திருந்ததைச் சொன்னான். எல்லாம் படித்தது. வில்மா அவனைப் பார்த்து லேசாகத் தலையசைத்தாள். அவனுக்கு மூச்சு கொஞ்சம் இலகுவானது.

அதற்கடுத்த தெருவில், ஒரு குடியிருப்பின் வெளிக்கதவைத் தாண்டும்போது, வாய் மறுபடி திறந்தது.

"இங்க ரெண்டாம் மாடியில ஒரு தையல்காரர். செருப்பைக் கழட்டிக் கையில வெச்சுக்கிட்டுத்தான் இறங்குவார், சத்தம் கேக்கக்கூடாதுன்னு. ஆனா அந்த ஏழாவது படி கிரீச்சுங்கும். அது அவருக்குத் தெரியாது." அவன் குரல் தெளிவாக, ஓய்வாக வந்தது. "அம்புச் சிலுவைக் கட்சி ஆளுங்க வந்த அன்னிக்குக் காலைலதான் படியெல்லாம் கழுவி விட்டிருந்தது. எல்லாரும் சேத்துக் காலோட ஏறி இறங்கினாங்க. மொத்தமும் பாழ்."

யாரோ இருமினார்கள். வில்மாவின் முகத்தில் இப்போது தலையசைப்பு இல்லை. அவள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவன் பக்கத்தில் வந்தாள்.

"லோரண்ட், அந்தப் படியைக் கழுவினது யாரு?" மெதுவாகத்தான் கேட்டாள்.

அவனுக்கு ஒன்று மட்டும் தெரிந்தது. அந்த வாக்கியத்தைச் சொன்னபோது அவனுக்குள் துக்கம் இல்லை. எரிச்சல் இருந்தது. குளிர்ந்த தண்ணீரில் கை விறைக்க விறைக்கத் துடைத்த படியை நாலு பேர் மிதித்துக் கெடுத்தால் வருமே, அந்தச் சின்ன, நியாயமான எரிச்சல்.

ஆரங்கா கைத்தடியை ஊன்றி நின்றாள். "தம்பி, ஒண்ணு கேக்கட்டுமா? தப்பா எடுத்துக்காதே."

"கேளுங்கம்மா."

"போன வாரம் எங்க தங்கச்சி மக வந்துட்டுப் போய் நீ சொன்னதையெல்லாம் சொன்னா. ஜாடி, சிவப்பு நூல். அது எங்கம்மா வெச்ச ஜாடி. அதைக் கேட்டுட்டுத்தான் நான் ரயிலேறினேன்." அவள் மூக்கைக் கைக்குட்டையில் துடைத்தாள். "எங்கம்மா சொல்லிருக்காங்க, அந்த ஜாடியை ஜன்னலுக்கு வெளிப்பக்கம் குளிர்ல வெச்சிருந்தோம்னு. கண்ணாடியில கறுப்புக் காகிதம் ஒட்டியிருந்தது, உள்ள இருந்து பாத்தா அது தெரியாது. முற்றத்துல நின்னு மேல பாத்தாத்தான் தெரியும். நீ இப்ப சொன்னதும் அப்படித்தான் இருக்கு. யாரு இறங்குறா, எந்தப் படி கிரீச்சுங்குது. எல்லாம் கீழே நின்னு பாத்த மாதிரி." கைத்தடியால் மாடியைக் காட்டினாள். "மேலே எங்க ஆளுங்க இருந்தாங்க. கீழே யாரு நின்னா?"

கீழே நின்றவனை லோரண்டுக்குத் தெரியும். இந்த ஊர்ப் பழைய குடியிருப்புகள் எல்லாவற்றிலும் அவன் இருந்தான். காவல்காரன், படி கழுவுகிறவனும் அவனே. வெளிக்கதவுச் சாவி அவனிடம் மட்டும்தான் இருக்கும். இருட்டிய பிறகு வருகிறவன், போகிறவன், சொந்த வீட்டுக்காரனே ஆனாலும், மணியை அடித்துவிட்டுக் காத்திருந்து, அவன் உள்ளங்கையில் எதையாவது வைத்தால்தான் உள்ளே போக முடியும்.

"இத்தோட முடிச்சுக்கலாம்," என்றான். "கடைசி வீட்டுக்கு இன்னிக்கு வேணாம். இருட்டிடுச்சு."

"அந்த வீட்டுக்குத்தான் தம்பி நான் வந்ததே," என்றாள் ஆரங்கா. "எங்கம்மா வீடு. இந்தக் காலோட இன்னொரு தடவை வரமாட்டேன்."

அவன் வில்மாவைப் பார்த்தான். அவள் பயந்திருந்தாள். ஆனால் கிழவியின் கையைப் பிடித்துக்கொண்டு, "சும்மா எட்டிப் பாத்துட்டு உடனே வந்துடலாம். நீ எதுவும் பேசாத. வாயைத் திறக்காம நில்லு, போதும்," என்றாள். அது சரியான யோசனை என்றுதான் அவனுக்கும் பட்டது.

மரக்கதவைத் தள்ளினான். எல்லாரும் உள்ளே வந்தார்கள். கதவு பின்னால் தானாகச் சாத்திக்கொண்டது. அதோடு வெளியே பாட்டு நின்றது. குறையவில்லை, நின்றது. எண்ணெய் வாடையும் இல்லை. அதற்குப் பதிலாக நிலக்கரிப் புகை. படி கழுவுகிற சோடாத்தூள். அதற்கடியில், வெந்து அடிப்பிடித்த முட்டைக்கோஸ். நாலு பக்கமும் மாடிகளின் நடைபாதைகள் கம்பி போட்டு மேலே மேலே ஏறின. நடுவில் சதுரமாக ஒரு துண்டு வானம், கறுப்பாக. எங்கும் ஒரு டி.வி. சத்தம் இல்லை. ஒரு விளக்கு இல்லை. ஆனால் மேலே ஆட்கள் இருந்தார்கள். மூச்சை அடக்கிக்கொண்டு இருக்கிறவர்களின் அமைதி அது.

பேசாதே, என்று தனக்குள் சொல்லிக்கொண்டான்.

"பையெல்லாம் சுவரோரம் வெச்சுடுங்க," என்றான் அவன்.

வழக்கமாகச் சொல்வதுதான். ஒவ்வொரு கூட்டத்திடமும் சொல்வான். நடைபாதை குறுகல், முதுகுப்பை இடிக்கும். அவர்கள் வைத்தார்கள்.

"வரிசையா நில்லுங்க. எல்லாருக்கும் தெரியணும்ல. வயசானவங்க முன்னாடி."

வரிசையாக நின்றார்கள். யாரும் எதுவும் கேட்கவில்லை. ஆரங்கா முன்னால் வந்தாள். கைத்தடியைச் சுவரில் சாய்த்து வைத்தாள். அதை வைக்கச் சொன்னது யார்? அவன்தான். சொன்னது அவன் காதிலேயே விழவில்லை.

அவன் கதவுக்கு முதுகைக் கொடுத்து நின்றிருந்தான். இடது கை தாழ்ப்பாளின் மேல். வலது கை முன்னால் நீண்டிருந்தது. உள்ளங்கை மேலே பார்த்தபடி. இழுத்துக்கொள்ளப் பார்த்தான். கை அவனுடையது மாதிரி இல்லை. விரல் முட்டிகள் தடித்து, சோடாவில் வெடித்திருந்தன.

ஆரங்கா காதிலிருந்து தோடுகளைக் கழற்றி அதில் வைத்தாள். அவனை நிமிர்ந்து பார்க்கவில்லை. அடுத்தவர் கைக்கடிகாரம். அடுத்தவள் சங்கிலி. கொக்கி கழலவில்லை, பக்கத்தில் நின்றவர் உதவினார். அவசரம் இல்லை. அழுகை இல்லை. தபால் ஆபீஸ் வரிசை மாதிரி நகர்ந்தது. அவனுக்குப் பயமாக இருக்க வேண்டும். அது தெரிந்தது. பயத்தைத் தேடினான். வரவில்லை.

கடைசியாக வில்மா.

கையுறையைக் கழற்றினாள். கல்யாண மோதிரத்தை எச்சில் தொட்டு உருட்டி எடுத்தாள். உள்ளங்கையில் வைத்தாள். இன்னும் சூடாக இருந்தது. பிறகு அவன் முகத்தைப் பார்த்தாள். முன்பின் பார்த்திராத ஒரு ஆளை, கோபப்படுத்திவிடக் கூடாத ஒரு ஆளைப் பார்ப்பதுபோலப் பார்த்தாள்.

"ஐயா," என்றாள். "என் வீட்டுக்காரர் வெளியதான் இருக்கார். இதோ வந்துடுவார். அவர் வந்தா கொஞ்சம் திறந்து விடுவீங்களா?"

அப்போது மணி அடித்தது. கதவுக்கு அந்தப் பக்கம் பனியில் யாரோ கால் மாற்றி நின்றார்கள். மறுபடி மணி. பிறகு கையால் தட்டினார்கள். முதலில் மரியாதையாக. பிறகு இரண்டு கையாலும்.

"வில்மா! வில்மா, உள்ள போகாத! கதவைத் திற!"

அந்தக் குரல் லோரண்டின் குரல்.

உள்ளே நின்றவன் மோதிரத்தைப் பைக்குள் போட்டுக்கொண்டு தாழ்ப்பாளை இழுத்துப் போட்டான்.

"இனிமே திறக்கமாட்டோம்," என்றான்.

"சரிங்க ஐயா," என்றாள் வில்மா. போய் மற்றவர்களோடு வரிசையில் நின்றுகொண்டாள்.